பேய்க்கணவாய்க்கு ஒன்பது மூளை கிடையாது

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். போன ஞாயிறு இணைப்பில் ஆக்டோபஸ் பற்றி ஒரு முழுப் பக்கக் கட்டுரை போட்டிருந்தீர்கள். ஒன்பது மூளை, விண்வெளியிலிருந்து வந்த உயிர், உலகக் கோப்பைக்கு ஜோசியம் என்று வரிக்கு வரி ஆச்சரியக்குறி. எங்கள் ஏலக்கூடத்தில் அந்தப் பக்கம் கை மாறிக் கை மாறிப் போய், "அண்ணே, உங்க சரக்குக்கு ஒன்பது மூளையாமே, கிலோவுக்கு எவ்வளவு கூட்டப் போறீங்க?" என்று ஆளாளுக்குக் கேட்க ஆரம்பித்துவிட்டார்கள். அதனால்தான் இந்தக் கடிதம். கொஞ்சம் நீளமாகத்தான் இருக்கும். இடம் இல்லையென்றால் வெட்டிக்கொள்ளுங்கள். ஆனால் கொல்வதைப் பற்றி எழுதியிருக்கும் பகுதியை மட்டும் வெட்ட வேண்டாம்.

நான் மண்டபம், பாம்பன் பக்கம் கணவாய் வாங்கி ஏற்றுமதிக் கம்பெனிகளுக்கு அனுப்பும் வியாபாரி. ஊசிக்கணவாய், ஓட்டுக்கணவாய், பேய்க்கணவாய் எல்லாம் என் கை பட்டுத்தான் ஐஸ் பெட்டிக்குப் போகும். நீங்கள் ஆக்டோபஸ் என்று எழுதியிருப்பதுதான் எங்கள் பேய்க்கணவாய். விசைப்படகில் வருவது பெரும்பாலும் செத்துத்தான் வரும். நாட்டுப்படகுக்காரர்களும் முங்கிப் பிடிக்கிறவர்களும் கொண்டு வருவதில் உயிர் இருக்கும். கடல் உயிரியல் படிக்கிற பிள்ளைகள் சிலர், உயிருள்ளதுதான் வேண்டும் என்று என்னிடம் வாங்கிப் போவார்கள். காசு கொடுப்பதோடு, வெளிநாட்டு ஆராய்ச்சிக் கட்டுரைகளைத் தமிழில் விளக்கிச் சொல்லவும் செய்வார்கள். இந்தக் கடிதத்தில் வருகிற படிப்பு விஷயமெல்லாம் அப்படிச் சேர்ந்தது. மீதி, கூடையிலும் தொட்டியிலும் நானே பார்த்தது.

முதலில் அந்த ஒன்பது மூளை. பேய்க்கணவாய்க்கு மூளை ஒன்றுதான். இரண்டு கண்ணுக்கும் நடுவில், உணவுக்குழாயைச் சுற்றி வளையமாக உட்கார்ந்திருக்கிறது. அது தின்கிற நண்டு மூளைக்கு நடுவில் புகுந்துதான் வயிற்றுக்குப் போயாக வேண்டும். கடவுள் ஏன் அப்படி வைத்தார் என்று தெரியவில்லை, வைத்துவிட்டார். உடம்பு முழுக்கச் சுமார் 50 கோடி நரம்பணுக்கள். மனித மூளையில் சுமார் 8,600 கோடி என்கிறார்கள். அந்த 50 கோடியில் மூன்றில் இரண்டு பங்கு தலையில் இல்லை, எட்டுக் கைகளில் இருக்கிறது. ஒவ்வொரு கைக்குள்ளும் தடித்த நரம்பு வடம் ஒன்று நுனி வரைக்கும் ஓடுகிறது. இதை வைத்து யாரோ கைக்கு ஒன்று, தலைக்கு ஒன்று என்று கூட்டி ஒன்பதாக்கிவிட்டார்கள். கையில் நிறைய நரம்பு இருக்கிறது என்பது வேறு, கை தனியாக உட்கார்ந்து யோசிக்கிறது என்பது வேறு.

ஜெருசலேம் எபிரேயப் பல்கலைக்கழகத்தில் செய்த ஒரு சோதனை 2011-இல் வெளிவந்தது. கண்ணாடி மாதிரித் தெளிவான பெட்டி, அதற்குள் பிரிந்து போகிற வழிகள், ஒரு வழியின் முடிவில் தீனி. ஒரே ஒரு கையை நீட்டும் அளவுக்குத்தான் துளை. வழியில் கை தண்ணீருக்கு வெளியே வந்துதான் போக வேண்டும், ஆகவே ருசியை வைத்துத் தேட முடியாது. தீனி எங்கே என்று கண்ணால் பார்த்து அந்தக் கையை அந்தப் பக்கம் திருப்பினால்தான் கிடைக்கும். திருப்பக் கற்றுக்கொண்டன. தலை சொல்வதைக் கை கேட்கிறது என்பதற்கு வேறு என்ன சாட்சி வேண்டும்?

ஆனால் கைக்கும் ஒரு சொந்தச் சட்டம் இருக்கிறது. இதை ஏலக்கூடத்தில் யார் வேண்டுமானாலும் பார்க்கலாம். புதிதாக வெட்டிய கைகளை ஒரு பேசினில் போட்டு வைத்தால் ரொம்ப நேரத்துக்கு நெளிந்துகொண்டே கிடக்கும். விரலை உள்ளே விட்டால் பிடித்துக்கொள்ளும். பிய்த்து எடுத்தால் மணிக்கட்டில் வட்ட வட்டமாகச் சிவப்புத் தடம் விழும். பேசினின் விளிம்பைப் பிடிக்கும், கத்தியைப் பிடிக்கும், கூடக் கிடக்கும் மீனைப் பிடிக்கும். அந்தக் கைகள் ஒன்றையொன்று மட்டும் பிடிப்பதில்லை. அத்தனை உறிஞ்சிகள் ஒன்றின் மேல் ஒன்றாகக் கிடந்தும் சிக்கல் விழாது. இதைச் சொன்னதும் என்னிடம் வரும் ஒரு பெண் துள்ளிக் குதித்தார். அதே ஜெருசலேம் ஆட்கள் 2014-இல் இதைத்தான் சோதித்திருக்கிறார்கள். வெட்டிய கை, தோலோடு இருக்கும் இன்னொரு கையைத் தொடுவதில்லை. தோலை உரித்துக் கொடுத்தால் பிடித்துக்கொள்கிறது. தோலில் இருக்கும் ஏதோ ஒரு வேதிப்பொருள் தடுக்கிறது என்பது அவர்கள் முடிவு. நானும் ஒரு கையை உரித்துப் போட்டுப் பார்த்தேன். சரியாகத்தான் சொல்லியிருக்கிறார்கள். உயிரோடு இருக்கும் பிராணியோ, வேண்டுமென்றால் வெட்டுப்பட்ட கையைப் பிடித்து இழுக்கவும் செய்கிறதாம். கைக்கு ஒரு சட்டம், அதை மீறத் தலைக்கு அதிகாரம். ஒன்பது மூளை என்பதை விட இது நல்ல கதை இல்லையா?

அடுத்து, தப்பித்த கதை. நியூசிலாந்தில் நேப்பியர் என்ற ஊரின் மீன் காட்சியகத்திலிருந்து இங்கி என்ற ஆக்டோபஸ் தப்பியதை எழுதியிருந்தீர்கள். 2016-இல் உலகம் முழுக்க வந்த செய்தி. தொட்டியின் மூடியில் கொஞ்சம் இடைவெளி இருந்தது, ராத்திரியில் வெளியே வந்து தரையில் ஊர்ந்து, கடலுக்குப் போகும் சுமார் 50 மீட்டர் வடிகால் குழாய்க்குள் இறங்கிப் போய்விட்டது. நடந்தது நிஜம். ஆனால் "திட்டமிட்டுச் சிறையை உடைத்தது" என்று உங்கள் கட்டுரை சொல்வதை என்னால் ஒப்புக்கொள்ள முடியவில்லை.

மூடாத கூடையில் உயிருள்ள பேய்க்கணவாயைப் போட்டுவிட்டுத் தேநீர் குடிக்கப் போனால் திரும்பி வரும்போது கூடை காலியாக இருக்கும் என்பது எங்கள் ஊரில் சின்னப் பையனுக்கும் தெரியும். கூடையின் கண்ணி வழியாக முதலில் ஒரு கை நுனி வந்து தடவிப் பார்க்கும். அப்புறம் இன்னொன்று. பிறகு தலை நசுங்கிக்கொண்டு வெளியே வரும். எலும்பே கிடையாது. கிளி மூக்கு மாதிரி உள்ளே இருக்கும் அலகுதான் கெட்டியான ஒரே பாகம். அலகு நுழைகிற ஓட்டை போதும், மீதி உடம்பு பின்னாலேயே வந்துவிடும். தரையில் விழுந்ததும் ஈரமும் இருட்டும் இருக்கும் பக்கம் போகும், எங்கள் கூடத்தில் அது தண்ணீர் ஓடுகிற கால்வாய்ப் பக்கம். இது உடம்பு வாகு. இதைப் புத்தி என்று சொல்லிவிட்டால் நிஜமான புத்தியைச் சொல்ல வார்த்தை இல்லாமல் போய்விடும்.

இதற்கு நேர் எதிரான ஒன்றையும் சொல்லி விடுகிறேன், ஏனென்றால் இதை எழுத யாருக்கும் மனசு வருவதில்லை. பாக் நீரிணையில் அந்தக் காலத்தில் பெரிய சங்கு ஓடுகளைக் கயிற்றில் வரிசையாகக் கட்டிக் கடலடியில் போட்டு வைப்பார்கள். இரை கிடையாது, தூண்டில் கிடையாது, மூடி கிடையாது. பிறகு வந்து கயிற்றை இழுத்தால் ஓட்டுக்குள் பேய்க்கணவாய் குந்தியிருக்கும். ஜப்பானில் இதையே மண் பானையை வைத்துச் செய்கிறார்கள், தாகோட்சுபோ என்று பெயர். மத்தியதரைக் கடலிலும் பானைதான். வாய் திறந்தே இருக்கிறது. பானையை மேலே தூக்கும்போது குதித்து ஓடிவிடலாம். ஓடுவதில்லை, இன்னும் உள்ளே ஒண்டிக்கொள்கிறது. நேப்பியரில் சிறையை உடைத்த மகா புத்திசாலி, சும்மா கிடக்கும் பானைக்குள் தானாகப் போய் உட்காருவது ஏன்?

இரண்டுக்கும் பதில் ஒன்றுதான் என்று எனக்குப் படுகிறது. அதற்கு வேண்டியது ஒண்ட ஒரு பொந்து. இதன் முன்னோர்களுக்கு மேலே ஓடு இருந்தது, தூரத்துச் சொந்தமான நாட்டிலஸுக்கு இன்னும் இருக்கிறது. பேய்க்கணவாய் அந்த ஓட்டை விட்டுவிட்டது. முள் இல்லை, செதில் இல்லை, முழுக்கக் கறி. அஞ்சாலை மீனுக்கு வேண்டும், களவா மீனுக்கு வேண்டும், சுறாவுக்கு வேண்டும், ஓங்கில் என்கிற டால்பினுக்கு வேண்டும், அப்புறம் எனக்கும் வேண்டும். இப்படிப்பட்ட ஒன்று நண்டு தேடி வெளியே போய்விட்டு உயிரோடு வீடு திரும்ப வேண்டும் என்றால் வழி நினைவிருக்க வேண்டும், எதிரில் வருவது யார் என்று தெரிய வேண்டும், ஒளியவா ஓடவா மையைக் கக்கவா என்று அந்த நொடியில் முடிவெடுக்க வேண்டும். ஓடு போன இடத்தில்தான் புத்தி வளர்ந்தது என்று ஆராய்ச்சிக்காரர்களில் பலர் நினைக்கிறார்கள். எனக்கும் அது நியாயமாகத்தான் படுகிறது.

இந்தக் கோணத்தில் பார்த்தால் உங்கள் கட்டுரையில் ஒற்றை வரியில் ஓடிவிட்ட தேங்காய்ச் சிரட்டை விஷயம்தான் தலைப்பாக வந்திருக்க வேண்டும். இந்தோனேசியாவின் சுலவேசி, பாலிக் கடலில் 500 மணி நேரத்துக்கு மேல் முங்கிப் பார்த்துவிட்டு, ஜூலியன் ஃபின் என்ற ஆஸ்திரேலிய ஆய்வாளரும் அவருடைய கூட்டாளிகளும் 2009-இல் எழுதியது. கரையில் இருக்கிற ஜனங்கள் தேங்காயை உடைத்து ஓட்டைக் கடலில் வீசுகிறார்கள். சேற்றில் புதைந்து கிடக்கும் அந்த ஓட்டை ஆக்டோபஸ் தோண்டி எடுத்து, தண்ணீரைப் பீய்ச்சிச் சேறு போகக் கழுவுகிறது. இரண்டு பாதி கிடைத்தால் ஒன்றுக்குள் ஒன்றை அடுக்கி, அதன் மேல் உட்கார்ந்து, கைகளை வெளியே தொங்கவிட்டு விறைத்துக்கொண்டு, பொய்க்கால் குதிரைக்காரர் மாதிரித் தத்தித் தத்தி நடக்கிறது. பார்க்கச் சிரிப்பாக இருக்கும். ஆனால் யோசித்துப் பாருங்கள், அப்படி நடக்கிறபோது ஓடு அதற்குப் பாதுகாப்பு இல்லை, வெறும் சுமை. வேகமும் குறைந்துபோகிறது. வேறு இடத்துக்குப் போன பிறகு தேவைப்படும் என்றுதான் தூக்கிக்கொண்டு போகிறது. போய்ச் சேர்ந்ததும் ஒன்றைக் கீழேயும் ஒன்றை மேலேயும் வைத்து மூடிக்கொள்கிறது. போன ஓட்டைத் தேடிப் பிடித்துத் திரும்ப மாட்டிக்கொண்ட மாதிரிதான்.

அந்த இனத்தின் அறிவியல் பெயர் ஆம்பியாக்டோபஸ் மார்ஜினேட்டஸ். இந்தியக் கடலிலும் உண்டு. என் கூடைக்கும் வருகிறது, கையோரம் கறுத்த நரம்புக் கோடு ஓடும். ஏலத்தில் அதற்கென்று தனி விலை கிடையாது, மற்றதோடு சேர்த்துத்தான் எடை போடுவோம்.

சோதனைச் சாலைக் கதைகளில் எனக்குப் பிடித்தது இத்தாலியில், நேப்பிள்ஸ் நகரத்தில் நடந்தது. 1959-இல் பீட்டர் டியூஸ் என்ற விஞ்ஞானி எழுதியிருக்கிறார். ஆல்பர்ட், பெர்ட்ராம், சார்லஸ் என்று மூன்று ஆக்டோபஸ். நெம்புகோலை இழுத்தால் விளக்கு எரியும், ஒரு துண்டு மீன் கிடைக்கும். ஆல்பர்ட்டும் பெர்ட்ராமும் கெட்டிக்காரப் பிள்ளைகளாகப் படித்துக்கொண்டன. சார்லஸும் படித்தது, ஆனால் அதற்கு வேறு வேலை இருந்தது. நெம்புகோலை இழுக்காமல் கைகளைத் தொட்டிச் சுவரில் ஊன்றிக்கொண்டு முழுப் பலத்தோடு வளைத்தது. விளக்கைப் பிடித்துத் தண்ணீருக்குள் இழுத்தது. குறிப்பெடுக்க வந்தவர் முகத்துக்குத் தண்ணீரைப் பீய்ச்சியது. 11-ஆவது நாள் நெம்புகோல் ஒடிந்து சோதனையே நின்றுவிட்டது. டியூஸ் இதையெல்லாம் ஒளிக்காமல் எழுதியிருக்கிறார், அதனால் அந்த மனிதர் மேல் எனக்கு மரியாதை. மூன்றில் இரண்டு ஒழுங்காகச் செய்தது என்று மட்டும் எழுதிவிட்டுப் போயிருக்கலாம். மூன்றும் ஒரே மாதிரி இல்லை என்பதுதான் இதில் செய்தி. எங்கள் கூடத்திலும் தொட்டியில் போட்டு வைத்தால் ஒன்று நாள் முழுக்க மூலையை விட்டு நகராது. பக்கத்துத் தொட்டியில் இருப்பது, மூடி மேல் வைத்த செங்கல்லைத் தள்ளிப் பார்த்துக்கொண்டே இருக்கும். இனம் ஒன்று, பிடித்த இடமும் ஒன்று.

அமெரிக்காவில் சியாட்டில் மீன் காட்சியகத்தில் ரோலண்ட் ஆண்டர்சன் என்பவர் இரண்டு விஷயம் செய்து பார்த்தார். ஜெனிஃபர் மேத்தர் என்ற ஆய்வாளரோடு சேர்ந்து செய்தது முதலாவது. மிதக்கிற மாத்திரை டப்பாவைத் தொட்டியில் போட்டார்கள். எட்டு ஆக்டோபஸில் இரண்டு, தண்ணீரைப் பீய்ச்சி டப்பாவை எதிர்ப்பக்கம் தள்ளி, அது நீரோட்டத்தில் திரும்பி வந்ததும் மறுபடியும் தள்ளி, அப்படியே செய்துகொண்டிருந்தன. தின்ன முடியாத சாமான், அதனால் ஒரு லாபமும் இல்லை. விளையாட்டு என்றுதான் அவர்கள் எழுதினார்கள். இரண்டாவது, 2010-இல் வந்தது. ஒரே மாதிரிச் சீருடை போட்ட இரண்டு பேர். ஒருவர் தினமும் தீனி போடுவார், மற்றவர் சொரசொரப்பான குச்சியால் உரசிவிட்டுப் போவார். இரண்டே வாரத்தில், தீனி போட்டவரைக் கண்டால் பக்கத்தில் வந்தன. குச்சிக்காரரைக் கண்டால் விலகிப் போயின, பீய்ச்சுகிற குழாயை அவர் பக்கம் திருப்பவும் செய்தன. உடுப்பு ஒன்றாக இருந்தும் ஆளை அடையாளம் தெரிகிறது. எங்கள் கூடத்தில் தொட்டியைக் கவனிக்கிற பையன் போனால் ஓரத்துக்கு வருகிறது, நான் போனால் கல்லுக்குப் பின்னால் போகிறது. நியாயம்தானே, கூடையோடு போகிறவன் நான்தான்.

கால்பந்து உலகக் கோப்பை ஜோசியத்துக்கு இரண்டு வரி போதும். ஜெர்மனியில் ஓபர்ஹௌசன் ஊர்த் தொட்டியில் இருந்த பால் (Paul) என்ற ஆக்டோபஸ் எந்த அணியின் தீனிப் பெட்டியைத் திறக்கிறதோ அந்த அணி ஜெயிக்கும் என்று வைத்துக்கொண்டார்கள். 2010-இல் எட்டு ஆட்டத்துக்கும் அது சரியாகச் சொன்னது நிஜம். காசு சுண்டினால்கூட 256 தடவையில் ஒரு தடவை அப்படி வரும். 2008 ஐரோப்பியக் கோப்பையில் அதே பால் ஜெர்மனி ஆடிய ஆறு ஆட்டத்துக்கும் ஜெர்மனிப் பெட்டியையே திறந்தது, இரண்டு தப்பாகப் போனது. இது ஏன் உங்கள் கட்டுரையில் இல்லை? விண்வெளிக் கதையும் இப்படித்தான். ஆக்டோபஸ் முட்டை வானத்திலிருந்து விழுந்திருக்கலாம் என்று 2018-இல் ஒரு கட்டுரை வந்தது வாஸ்தவம். அதற்கு மூன்று வருஷம் முன்பே, 2015-இல், ஆக்டோபஸின் முழு மரபணுத் தொகுதியையும் படித்து வெளியிட்டுவிட்டார்கள். நத்தை, சிப்பி வகையறாவோடு அதற்கு இருக்கும் ரத்த சம்பந்தம் அதில் நன்றாகவே தெரிகிறது. இதில் வானத்துக்கு என்ன வேலை?

என்னை யோசிக்க வைக்கிற விஷயம் வேறு. இத்தனை கெட்டிக்காரத்தனமும் ஒன்றிரண்டு வருஷத்துக்குத்தான். பெரிய பசிபிக் இனம் மூன்று முதல் ஐந்து வருஷம் இருக்கும், ஆழ்கடல் இனம் சிலதைத் தவிர மற்றதில் பெரும்பாலானவை அதற்குள் முடிந்துவிடும். தாய் முட்டையிட்டதும் பொந்தை விட்டு வெளியே வராது, தீனி தின்னாது. முட்டைச் சரங்களைக் கையால் வருடிக்கொண்டும் தண்ணீரைப் பீய்ச்சிக்கொண்டும் இருந்துவிட்டு, குஞ்சு பொரிக்கிற சமயத்தில் செத்துப்போகும். கலிஃபோர்னியாவின் மான்டரே பள்ளத்தில் சுமார் 1,400 மீட்டர் ஆழத்தில் ஒரு தாய் ஒரே பாறையில் 53 மாதம் முட்டையைக் காத்ததை 2007-லிருந்து 2011 வரை திரும்பத் திரும்பப் போய்ப் பார்த்திருக்கிறார்கள். அந்த 53 மாதத்தில் அது எதையும் தின்று யாரும் பார்க்கவில்லை. நான்கரை வருஷம் கிட்ட! ஜெரோம் வோடின்ஸ்கி என்பவர் 1977-இல், கண்ணுக்குப் பின்னால் இருக்கும் ஒரு சுரப்பியை எடுத்துவிட்டால் தாய் முட்டையை விட்டுவிட்டு மறுபடியும் தின்ன ஆரம்பிக்கிறது, கூடுதல் நாள் வாழ்கிறது என்று கண்டுபிடித்தார். ஆக, பட்டினி கிடப்பது உடம்புக்குள் எழுதி வைத்திருக்கிற உத்தரவு. தாயிடமிருந்து குஞ்சு எதையும் கற்றுக்கொள்ள வழியில்லை. சார்லஸ் கற்றதெல்லாம் சார்லஸோடு போச்சு. ஒவ்வொரு பேய்க்கணவாயும் அரிச்சுவடியிலிருந்து தானே படிக்கிறது. ஓங்கில், குரங்கு புத்தியோடு இதன் புத்தியை வைத்து மார்க் போடுகிறவர்கள் இதை மறந்துவிடக் கூடாது.

சரி, இப்போது வெட்ட வேண்டாம் என்று சொன்ன பகுதி.

2021-இல் சான் பிரான்சிஸ்கோவில் ராபின் குரூக் என்ற ஆய்வாளர் ஒரு சோதனையை வெளியிட்டார். ஆக்டோபஸின் கையில் கொஞ்சம் அமிலத்தை ஏற்றினார். ஏற்றிய பிறகு எந்த அறையில் அடைத்து வைத்தாரோ அந்த அறைக்குள் அது அப்புறம் போகவில்லை, முன்பு விரும்பிப் போன அறையாக இருந்தாலும். மரத்துப்போகும் மருந்து கொடுத்து வைத்திருந்த அறைக்குப் போனது. அமிலம் ஏற்றிய இடத்தை அலகால் கொத்திக்கொண்டே இருந்தது. தொட்டதும் கையை இழுத்துக்கொள்வது வேறு. வலித்த இடத்தை நினைவில் வைத்து ஒதுங்குவது வேறு. அதே ஆண்டு லண்டன் பொருளாதாரக் கல்லூரியில் ஜோனதன் பர்ச் தலைமையில் ஒரு குழு 300-க்கும் மேற்பட்ட ஆய்வுகளை அலசி, ஆக்டோபஸுக்கு உணர்வு இருக்கிறது என்று அறிக்கை கொடுத்தது. அதை வைத்து பிரிட்டன் 2022-ஆம் ஆண்டு விலங்குகள் உணர்வுச் சட்டத்தில் ஆக்டோபஸ், கணவாய், நண்டு, இறால் எல்லாவற்றையும் சேர்த்துக்கொண்டது.

இங்கே என்ன நடக்கிறது? உயிரோடு வருவதைக் காய்ந்த கூடையில் கொட்டி வெயிலில் வைக்கிறார்கள். அப்படியே ஐஸில் புதைக்கிறார்கள். நல்ல தண்ணீரைக் கொட்டுகிறார்கள். சாவதற்கு நேரமாகும். யாரும் கொடுமைக்காரர்கள் இல்லை, விடிகாலையில் ஏலம் முடிய வேண்டும், வண்டி கிளம்ப வேண்டும், அவ்வளவுதான். என் இடத்தில் நான் வைத்திருக்கும் வழக்கம் இது: கூடை இறங்கியதும், உயிருள்ளதைத் தனியாக எடுத்து, கண்கள் இரண்டுக்கும் நடுவில் கூர்க்கத்தியை இறக்கிவிட வேண்டும். மூளை அங்கேதான் இருக்கிறது. சரியாக இறங்கியதா என்று சந்தேகப்படவே வேண்டாம், அதுவரை பழுப்பும் சிவப்புமாக ஓடிக்கொண்டிருந்த தோல் நொடியில் வெளிறிவிடும். கைகள் நெளியும், அது வேறு கணக்கு. ஒரு பிராணிக்கு ஒரு நிமிடம்கூட ஆகாது. சரக்குக்கு ஒரு குறையும் வந்ததில்லை, கம்பெனிக்காரர் விலையைக் குறைத்ததும் இல்லை. "சாகப்போறது எப்படிச் செத்தா என்ன அண்ணே" என்று என்னிடம் வேலை செய்கிறவனே கேட்டான். அவனுக்கு நான் தத்துவம் எதுவும் சொல்லவில்லை, கத்தியைத்தான் கொடுத்தேன்.

சட்டம் பேசுகிறவர்களுக்கும் ஒரு வார்த்தை. பிரிட்டனுக்குப் புதிதாகச் சேர்க்க வேண்டியிருந்தது. நம்முடைய 1960-ஆம் ஆண்டு பிராணிகள் வதைத் தடுப்புச் சட்டத்தில் பிராணி என்பதற்கு, மனிதன் தவிர்த்த எந்த உயிரும் என்றுதான் பொருள் கொடுத்திருக்கிறார்கள். முதுகெலும்பு இருக்கிறதா என்று அது கேட்கவில்லை. உணவுக்காகக் கொல்லலாம், ஆனால் தேவையில்லாத வலியும் வேதனையும் கொடுக்காமல் என்று அதிலேயே இருக்கிறது. சட்டம் சொல்வதைப் படகுக்காரர்களுக்கும் எங்களுக்கும் யாராவது ஒரு பக்க நோட்டீஸாக அடித்துக் கொடுத்தால் போதும். மீன் தரக்கட்டுப்பாட்டுக்கு எத்தனையோ பயிற்சி நடக்கிறது, குளோரின் எவ்வளவு, ஐஸ் எவ்வளவு என்று. அதில் கத்தியை எங்கே இறக்குவது என்பதற்கு ஐந்து நிமிடம் ஒதுக்க முடியாதா?

உங்கள் கட்டுரையின் கடைசியில் "இனி பண்ணையிலும் வளர்க்கலாம், மீனவர்களுக்குப் புதிய வருமானம்" என்று முடித்திருந்தீர்கள். இது எனக்குத் துளியும் பிடிக்கவில்லை. இறாலைப் போல நினைத்துவிட்டீர்கள் போலிருக்கிறது. பேய்க்கணவாய் கறி தின்னி. ஒரு கிலோ வளர்க்க மூன்று கிலோ கடல் உணவாவது போட வேண்டும் என்று கணக்குச் சொல்கிறார்கள். அந்த மூன்று கிலோ நண்டையும் மீனையும் கடலிலிருந்துதான் அள்ள வேண்டும், அதில் யாருக்கு என்ன மிச்சம்? நெருக்கி அடைத்தால் ஒன்றையொன்று தின்னும். ஸ்பெயினின் கேனரித் தீவுகளில் நுவேவா பெஸ்கனோவா என்ற பெரிய கம்பெனி வருஷத்துக்கு 3,000 டன் எடுக்கத் திட்டம் போட்டது. அதில் ஐஸ் தண்ணீரில் போட்டுக் கொல்வதாக இருந்தது வெளியே வந்ததும் பெரிய எதிர்ப்புக் கிளம்பியது. 2024-இல் அமெரிக்காவின் வாஷிங்டன் மாநிலமும் பிறகு கலிஃபோர்னியாவும் ஆக்டோபஸ் பண்ணையையே தடை செய்துவிட்டன. முன்னே சொன்ன லண்டன் அறிக்கையும், ஆக்டோபஸை நல்லபடியாக வைத்து வளர்க்கிற பண்ணை சாத்தியமே இல்லை என்கிறது. பண்ணை வந்தால் இவன் வியாபாரம் படுத்துவிடும், அதனால்தான் எதிர்க்கிறான் என்று யாராவது சொன்னால், ஆமாம், அதுவும் ஒரு காரணம்தான்.

ஒன்பது மூளை என்று போட்டதற்கு ஒரு திருத்தம் போடுங்கள். முடிந்தால் உங்கள் நிருபரை ஒரு விடிகாலை இங்கே அனுப்புங்கள். கூடை இறங்குகிற நேரத்துக்கு வந்தால் உயிரோடு இருப்பதை நானே காட்டுகிறேன். சட்டை நனையும், சொல்லி அனுப்புங்கள்.

இப்படிக்கு,
கணவாய் வியாபாரி ஒருவர்,
பாம்பன்.

பி.கு.: கட்டுரைக்கு மேலே பெரிதாகப் போட்டிருந்த படம் ஆக்டோபஸ் இல்லை, ஓட்டுக்கணவாய். உடம்பைச் சுற்றித் துடுப்பு தெரிகிறது பாருங்கள். கைகளையும் ஒரு தடவை எண்ணிப் பாருங்கள், பத்து வரும்.